பிரெஞ்சு தெரியாத பெண்

ஆகஸ்ட் 4

இல்லை, தெரியாது என்றுதான் சொன்னேன். ஒரு வார்த்தைகூடவா என்று மறுபடி கேட்டபோதும் அதையேதான் சொன்னேன்.

கேட்டது சவரியம்மாள். இந்த வீட்டுச் சமையல்காரி. மீன் செதில் ஒட்டிய கையை முந்தானையில் துடைத்தபடி என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"போன்ழூர், மெர்சிகூடத் தெரியாதா? நீ பாண்டிச்சேரிப் பொண்ணுதான?"

"காரைக்கால் அக்கா."

"காரைக்கால மட்டும் யாரு ஆண்டாங்க, லண்டன்காரனா?"

"எங்க வீட்ல யாரும் படிக்கலக்கா."

"அதுவும் நல்லதுதான். தெரிஞ்சவளா இருந்தா மதாம் வாசலோட அனுப்பிடும்."

மதாம் என்றால் ஒதீல் வரென். நாவலாசிரியை. எண்பத்திரண்டு வயது. இதயத்தில் செயற்கை வால்வு. ஐந்து நாவல்கள் எழுதியபின் ஆறாவதை எழுத இந்த ஊருக்கு வந்தார். ஆறாவது வரவில்லை. அவரும் பிரான்சுக்குத் திரும்பவில்லை.

இதெல்லாம் சவரியம்மாள் சொன்னதல்ல. எனக்கு முன்பே தெரியும். என் எம்.ஏ. ஆய்வேடு அந்த ஐந்து நாவல்களைப் பற்றியது. அதற்குப்பின் முனைவர் ஆய்வில் சேர்ந்தேன், பாதியில் விட்டேன். பிறகு முதியோர் பராமரிப்புப் பயிற்சி. பிரெஞ்சு தெரியாத பெண்தான் வேண்டுமாம் என்று ஏஜென்சிக்காரர் இந்த முகவரியைக் கொடுத்தபோது, ஃபைலிலிருந்து சில சான்றிதழ்களை உருவி அலமாரியில் வைத்துவிட்டு வந்தேன்.

ஆகஸ்ட் 5

ஏன் பிரெஞ்சு தெரியாத பெண் என்று இன்று தெரிந்தது.

மாத்திரை, குளியல், மொட்டைமாடியில் நடை. இவை எதிர்பார்த்தவை. மாலைக் காபிக்குப் பிறகு வாசிப்பு. இது எதிர்பாராதது. காலையில் எழுதியதை மதாம் உரக்கப் படிக்கிறார். நான் எதிரே பிரம்பு நாற்காலியில் உட்கார வேண்டும். கை மடியில். போன் கூடாது. படித்துக்கொண்டே என் முகத்தைப் பார்க்கிறார். நான் கொட்டாவி விட்ட வாக்கியத்தைப் பென்சிலால் அடிக்கிறார். கால் மாற்றிப் போட்ட இடத்தில் ஒரு புள்ளி வைக்கிறார்.

அவரே விளக்கினார். மதாம் பேசுவது மீன் சந்தையில் கற்ற தமிழ். வாங்க போங்க கிடையாது.

"புரியிற ஆளு மரியாத பண்ணும். நல்லா இருக்கு மதாம், ரொம்ப நல்லா இருக்கு. பொய். புரியாத ஆளு பொய் சொல்லாது. சத்தம் சரி இல்லன்னா தூங்கும். நீ தூங்கு. வெக்கம் வேணாம்."

சமையலறையில் சவரியம்மாள் சொன்னாள்: "முன்னாடி நான்தான் உக்காருவேன். எத்தன வருஷம்! எழுதும், படிக்கும், கிழிச்சுப் போடும். ஒருநாள் ஏதோ ஒரு சாமியாரு கழுத மேலேர்ந்து விழுந்த கத. சிரிச்சுட்டேன். அவ்ளோதான். மறுநாள்லேர்ந்து அடுப்போட சரி."

"உங்களுக்குப் புரிஞ்சுதா அக்கா?"

"அத்தன வருஷம் கேட்டா நாய்க்கே புரியுமேடி."

சிரித்தேன். பிறகு, அதற்கும் சிரித்திருக்கலாமா என்று யோசித்தேன்.

ஆகஸ்ட் 9

புரியாத முகம் எப்படி இருக்கும்?

பஸ்ஸில் தெலுங்கு பேசுபவர்களைக் கேட்கும்போது என் முகம் எப்படி இருக்கிறது என்று நினைவுபடுத்திப் பார்க்கிறேன். கண் பேசுபவரின் வாயில் இருக்கும். பிறகு வாயிலிருந்து கைக்குப் போகும். பிறகு ஜன்னலுக்கு. அதே வரிசையில் செய்கிறேன். கொட்டாவிகளை முன்கூட்டியே திட்டமிடுகிறேன்.

இன்று உப்பைப் பற்றி ஒரு வாக்கியம். கேட்டதும் முதுகு நிமிர்ந்துவிட்டது. மறைக்க வேறு வழியில்லை. வாயைத் திறந்து பெரிதாகக் கொட்டாவி விட்டேன்.

மதாம் என்னைப் பார்த்தார். அந்த வாக்கியத்தை அடித்தார்.

ஆகஸ்ட் 10

அது இப்போது என் தலையில் மட்டும் இருக்கிறது.

ஆகஸ்ட் 23

அம்மா போனில்: "பிரெஞ்சு பிரெஞ்சுன்னு படிச்சியே, அதுக்கேத்த வேலதானா சுகிர்தா?"

"ஆமாம்மா."

"அந்தம்மாகிட்ட அதுலதான் பேசுவியா?"

"கேப்பேன்மா."

பொய் இல்லை.

சவரியம்மாள் வஞ்சிரம் மீன் வாங்கி வந்தாள். மத்தி தவிர எது வேண்டுமானாலும் இந்த வீட்டுக்குள் வரலாம். ஒருமுறை தெரியாமல் வாங்கி வந்ததற்கு மதாம் கூடையோடு தெருவில் கொட்டினாராம். "அந்த வாசன வந்தாலே மொகம் மாறிடும். ஏன்னு கேட்டா சொல்லாது."

ஏன் என்று எனக்குத் தெரியும். பதினான்கு வயதில் மதாம் பிரான்சின் பிரித்தானி கடற்கரை ஊரொன்றில் மத்தி அடைக்கும் டின் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். முதல் நாவல் அங்கிருந்து வந்தது. இரண்டாவதற்காகச் சலவைக்கூடத்தில் ஒரு குளிர்காலம் துணி துவைத்தார். நான்காவதில் ஒருத்தி வேண்டுமென்றே பட்டினி கிடப்பாள். அதை எழுதும் முன் மதாமை ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டியிருந்தது. பழைய பேட்டி ஒன்றில் சொல்லியிருக்கிறார், என் ஆய்வேட்டின் முதல் பக்கத்தில் அதைத்தான் போட்டிருந்தேன்: "செய்யாததை நான் எழுதுவதில்லை. முதலில் உடம்பு, பிறகு வாக்கியம்."

ஆகஸ்ட் 30

இப்போது எழுதுவது அதே ஆறாவது நாவல். அன்று கைவிட்டது. இன்று முதல் அத்தியாயத்திலிருந்து தொடர்ந்து படித்தார்.

ஒரு கிழவி. யாரையும் தெரியாத வெப்பமான ஊருக்குச் சாக வருகிறாள். வந்தபின் சாவு வரவில்லை. காத்திருக்கிறாள். சந்தைக்குப் போகிறாள், பேரம் பேசக் கற்றுக்கொள்கிறாள், செடிக்குத் தண்ணீர் விடுகிறாள். அவ்வளவுதான் கதை. ஐந்து நாவல்களிலும் இப்படி எழுதியதில்லை. இதை உலகத்தில் இதுவரை கேட்டவள் நான் ஒருத்தி.

ஒழுங்காக இரண்டு கொட்டாவி விட்டேன். மட்டமான இடங்களாகத் தேர்ந்தெடுத்து.

செப்டம்பர் 12

இன்றைய அத்தியாயம். கிழவியைப் பார்த்துக்கொள்ள ஒரு பெண் வருகிறாள். காலையில் மாத்திரை கொடுக்கிறாள். கொடுத்ததும் திரும்பித் திரைச்சீலையை விலக்குகிறாள். அவள் திரும்பும் நேரத்தில் கிழவி மாத்திரையை உள்ளங்கைக்கு மாற்றிக்கொள்கிறாள். கோடைகாலம் முழுக்க இப்படியே.

தினமும் காலையில் மாத்திரை கொடுத்ததும் நான் திரும்பித் திரைச்சீலையை விலக்குகிறேன்.

முதலில் உடம்பு, பிறகு வாக்கியம்.

ரத்தம் உறையாமல் இருக்கத்தான் அந்த மாத்திரை. இல்லாவிட்டால் வால்வில் கட்டி சேரும். அது எப்போது வேண்டுமானாலும் மூளைக்குப் போகும் என்று டாக்டர் முதல் நாளே என்னிடம் சொல்லியிருக்கிறார். கண்ணை மதாமின் வாயில் வைத்திருந்தேன். பிறகு கைக்கு. பிறகு ஜன்னலுக்கு.

செப்டம்பர் 13

திரும்பவில்லை. டம்ளரைப் பிடித்துக்கொண்டு எதிரே நின்றேன். மதாம் விழுங்கும்வரை பார்த்தேன்.

"திரை?" என்றார்.

"அப்புறம் விலக்குறேன் மதாம்."

என்னை நிறைய நேரம் பார்த்தார்.

மாலையில் வாசிப்பு இல்லை. தலைவலி என்றார்.

செப்டம்பர் 14

எதிரே நின்றேன். விழுங்கினார். வாசிப்பு இல்லை.

செப்டம்பர் 16

வாசிப்பு இல்லை. காலையில் எழுதும் சத்தம் கேட்கிறது. பேனா வேகமாகப் போகிறது. எழுதிய தாள்களை இழுப்பறையில் வைத்துப் பூட்டுகிறார்.

சவரியம்மாள் கேட்டாள்: "என்னடி பண்ணின? எம்மேல கோவம் வந்தப்பவும் இப்படித்தான் கதவச் சாத்திக்கிச்சு. ஏதாவது சிரிச்சியா?"

"இல்லக்கா."

"பின்ன? வேற ஆளு பாக்கச் சொல்லுது."

செப்டம்பர் 17

வேறு ஆள் வந்தால் அவளும் திரும்பித்தான் திரைச்சீலையை விலக்குவாள். அவளுக்குத் தெரிய வாய்ப்பே இல்லை. ஆக, நான் இங்கே இருப்பதுதான் மதாமுக்குப் பாதுகாப்பு. இருக்க வேண்டுமென்றால் வேலை நிலைக்க வேண்டும்.

அறை இருட்டாக இருந்தது. திரைச்சீலையை விலக்கினேன்.

மாலையில் வாசிப்பு.

செப்டம்பர் 29

அற்புதம். வேறு சொல் கிடைக்கவில்லை. கிழவி இப்போது கடைத்தெருவில் ஒவ்வொருவராக, அவர்களுக்குத் தெரியாமல், விடைபெறுகிறாள். வெங்காயக்காரனிடம் சில்லறையை வேண்டாமென்று சொல்வதுதான் விடைபெறுதல். முடிய இரண்டு அத்தியாயங்கள் இருக்கலாம்.

காலையில் திரையை விலக்கியபோது வெயில் நன்றாக இருந்தது.

அக்டோபர் 8

ரத்தப் பரிசோதனை முடிவோடு டாக்டர் வந்தார். என்னைத் தாழ்வாரத்துக்குக் கூப்பிட்டார்.

"மாத்திர ஒழுங்கா போகுதாம்மா?"

"தினம் காலைல குடுக்குறேன் சார்."

"நீ குடுக்குறது சரி. அவங்க முழுங்குறாங்களா?"

குரல் தாழ்ந்திருந்தது. திட்டும் குரல் இல்லை. பதில் சொல்ல இடம் விட்டுக் கேட்டார்.

"முழுங்குறாங்க சார்."

"கீரை நெறய சாப்பிடுறாங்களா? அதுகூடக் காரணமா இருக்கும்."

"ஆமா சார்."

டோஸைக் கூட்டி எழுதிக் கொடுத்தார். மருந்துக்கடைக்கு நானே போய் வாங்கி வந்தேன். வழியில் காற்று திசை மாறியிருந்தது. கடல் பக்கம் கறுத்துக் கிடக்கிறது.

எண்பத்திரண்டு வயது மனுஷி. முழுப் புத்தியோடு இருக்கிறார். தன் உடம்பைப் பற்றி முடிவெடுக்க அவருக்கு உரிமை இல்லையா? பல்கலைக்கழகத்தில் இதைப் பற்றி ஒரு கருத்தரங்கில் அரை மணி நேரம் பேசியிருக்கிறேன்.

அக்டோபர் 9

கீரை விஷயத்தில் சவரியம்மாளுக்குக் கோபம். "நான் எங்கடி கீர செஞ்சேன்? இந்த வீட்ல கீரய யாரு தொடுறா?"

அக்டோபர் 21

மழை பிடித்துக்கொண்டது. சுவரெல்லாம் ஈரம். துணி காயவில்லை. மதாமின் கால் வீங்கியிருக்கிறது. அழுத்தினால் குழி விழுகிறது. காலைத் தலையணைமேல் தூக்கி வைத்தேன். என் தலையைத் தொட்டு, "நல்ல பொண்ணு" என்றார். இதுவரை சொன்னதில்லை.

அக்டோபர் 26

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

மாலை. மாடி அறை. கடல் பக்க ஜன்னல் திறந்திருந்தது. மதாம் படிக்க ஆரம்பித்ததும் தூறல். கிழவியும் அந்தப் பெண்ணும் ஓர் அறையில் இருக்கும் அத்தியாயம். அங்கும் ஜன்னல், அங்கும் மழை. கிழவி பெண்ணிடம் பேசுகிறாள். நாவல் முழுக்க அவள் யாரிடமும் இவ்வளவு நேரம் பேசியதில்லை.

"உனக்குப் புரிகிறது என்று எனக்குத் தெரியும். பல நாளாகத் தெரியும். உன் வாய் கொட்டாவி விடும்போது கண் கொட்டாவி விடுவதில்லை. நான் செய்வதும் உனக்குத் தெரியும். ஒரே ஒருமுறை கேட்கிறேன். நான் நிறுத்த வேண்டும் என்று நினைத்தால் எழுந்துபோய் அந்த ஜன்னலைச் சாத்து. நாளையிலிருந்து உன் கண்முன்னால் விழுங்குகிறேன். நீ வாய் திறக்க வேண்டாம். ஜன்னலைச் சாத்தினால் போதும்."

இதைச் சொல்லும்போது மதாம் தாளைப் பார்க்கவில்லை.

மழை வலுத்தது. சாரல் உள்ளே அடித்தது. தரை நனைந்தது. என் பாதம் நனைந்தது. மேசையோரத் தாள்கள் நனைந்து சுருண்டன.

இது சோதனை என்று நினைத்தேன். எழுந்தால் புரிந்தது என்றாகிவிடும். சவரியம்மாளுக்கு நேர்ந்தது எனக்கும் நேரும். கடைசி அத்தியாயம் இன்னும் வரவில்லை. கண்ணை அவர் வாயில் வைத்தேன். பிறகு கையில். ஜன்னலுக்கு மட்டும் கொண்டுபோகவில்லை.

அசையவே இல்லை. கொட்டாவிகூட விடவில்லை.

மதாம் காத்திருந்தார். பிறகு பேனாவை எடுத்து, படித்த தாளின் அடியில் ஏதோ ஒரு வரி எழுதினார்.

சவரியம்மாள் காபி டம்ளரை எடுக்க வந்தவள் கத்தினாள்: "அய்யய்யோ! ரூம்பு முழுக்கத் தண்ணி! கண்ணு தெரியலயாடி ஒனக்கு? மழ இப்படி அடிக்குது, ஒரு ஜன்னலச் சாத்துனா கை ஒடஞ்சா போயிடும்?" ஓடிப்போய் இழுத்துச் சாத்தினாள்.

"திட்டாத," என்றார் மதாம். "அவ சாத்தல. சரி. அவ சாத்தல."

அக்டோபர் 27

பிரெஞ்சு தெரியாத பெண்ணாக இருந்திருந்தால் முதல் சாரலிலேயே எழுந்து சாத்தியிருப்பாள்.

இது எனக்கு இன்று காலைதான் உறைத்தது. மாத்திரையும் டம்ளருமாக நின்றுகொண்டிருந்தபோது.

ஆனால் அது பதில் அல்ல. நான் பதில் சொல்லவில்லை. மழையைக் கவனிக்கவில்லை, அவ்வளவுதான். இன்று விழுங்கும்வரை எதிரே நிற்கலாம் என்றுதான் நினைத்தேன். மதாம் மாத்திரையை வாயில் போட்டுக்கொண்டு பொறுமையாகக் காத்திருந்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை. எனக்குக் கூச்சமாக இருக்கக்கூடாது என்பதுபோலச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

திரைச்சீலை ஏற்கனவே விலகித்தான் இருந்தது. சரிசெய்யத் திரும்பினேன்.

நவம்பர் 3

குளியலறை வாசலில். காலையில். மதாம் விழுந்த சத்தம்கூடப் பெரிதாக இல்லை.

நவம்பர் 6

ஆஸ்பத்திரி. பக்கவாதம். வலது பக்கம் அசையவில்லை. மதாம் கண்ணைத் திறந்து பார்க்கிறார். யாரை என்று தெரியவில்லை.

டாக்டர் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. கேட்காமல் நின்றுகொண்டிருந்தார். சவரியம்மாள்தான் குறுக்கே வந்தாள்: "அவள ஏன் சார் அப்படிப் பாக்குறீங்க? தினம் இந்தக் கையால எடுத்துக் குடுத்தா. நான் பாத்தேன். பெத்த பொண்ணுகூட இப்படிப் பாக்காது."

வெராந்தாவுக்குப் போய்விட்டேன்.

நவம்பர் 14

வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டோம். மதாம் பேசுகிறார். கொஞ்சம் குழறல். ஆனால் தமிழ். தமிழ் மட்டும். தண்ணி, போதும், வலிக்குது, போ.

டாக்டர் சொன்னார்: "அபூர்வம்தான், ஆனா உண்டும்மா. பொறந்த பாஷ போயிடும். அப்புறமா கத்துக்கிட்டது நின்னுடும். திரும்பி வரலாம். வராமலும் போகலாம்."

கதவைச் சாத்திவிட்டுக் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து முதன்முறையாக அவரிடம் பிரெஞ்சில் பேசினேன். எவ்வளவோ நாளாக மனதுக்குள் தயாரித்து வைத்திருந்த வாக்கியங்கள். உங்கள் முதல் நாவலைப் பத்தொன்பது வயதில் படித்தேன். நான் உங்களிடம் பொய் சொன்னேன்.

மதாமின் கண் என் வாயில் இருந்தது. பிறகு கைக்குப் போனது. பிறகு ஜன்னலுக்கு.

"என்ன சொல்ற?" என்றார். "தமிழ்ல சொல்லு."

தமிழில் சொல்லவில்லை.

நவம்பர் 17

சவரியம்மாளுக்கு வேறு மீன் கிடைக்கவில்லை. பயந்துகொண்டே மத்தி வறுத்தாள். மதாம் முள் எடுக்கக்கூடப் பொறுக்காமல் சாப்பிட்டார். "இன்னும் குடு." சவரியம்மாள் அடுப்பு மேடையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். "இது அந்த மதாம் இல்லடி."

நவம்பர் 20

இழுப்பறைச் சாவி தலையணைக்கு அடியில் இருந்தது. உறை மாற்றும்போது கிடைத்தது.

கடைசி அத்தியாயம் இல்லை. மழை நாள் தாளோடு நாவல் நிற்கிறது. தாள் காய்ந்து மொறமொறப்பாக இருக்கிறது. படித்த பத்தி முழுவதும் அதில் இருக்கிறது. ஒரு சொல் மாறவில்லை. ஆக, அது நாவல்தான். அடியில், அன்று என் எதிரில் எழுதிய அந்த ஒரு வரி.

"பெண் எழுந்திருக்கவில்லை."

நவம்பர் 23

இந்தப் புத்தகம் வெளியே போக வேண்டும். இப்படியே போக முடியாது. யாராவது படித்துப் பார்த்துத் திருத்த வேண்டும். மதாமின் முறையில்தான் திருத்த வேண்டும். வேறு முறை நியாயம் இல்லை.

மாலைக் காபிக்குப் பிறகு மதாமைச் சாய்த்து உட்காரவைத்தேன். வலது கையை எடுத்து மடியில் வைத்தேன். தாள்களோடு எதிரே உட்கார்ந்து முதல் அத்தியாயத்தைப் பிரெஞ்சில் உரக்கப் படித்தேன். முகத்தைப் பார்த்துக்கொண்டே படித்தேன். அவர் சொன்னது சரி. புரியாத முகம் பொய் சொல்வதில்லை. சந்தைக் காட்சியில் ஓர் இடத்தில் கொட்டாவி வந்தது. எனக்கும் அது பலவீனமான இடமாகத்தான் பட்டிருந்தது. அடித்தேன்.

பழைய உப்பு வாக்கியத்தை அதன் இடத்தில் சேர்த்துப் படித்தேன். மதாம் நிமிர்ந்து பார்த்தார். அதை வைத்துக்கொண்டேன்.

டிசம்பர் 1

இன்று மழை நாள் அத்தியாயம். வெளியிலும் தூறல்.

மெதுவாகப் படித்தேன். உனக்குப் புரிகிறது என்று எனக்குத் தெரியும். மதாமின் முகத்தில் ஒன்றும் இல்லை. அந்த ஜன்னலைச் சாத்து. ஒன்றும் இல்லை. சவரியம்மாள் கீழே பாத்திரம் கழுவும் சத்தம். கடைசி வரிக்கு வந்தேன். பெண் எழுந்திருக்கவில்லை.

மதாமின் கண் மூடியது. மூடியதாகத்தான் தெரிந்தது. முகத்தை முழுதாகப் பார்க்கவில்லை, தாள் மறைத்தது.

"மழ வருது," என்றார் மதாம். "ஜன்னல்."

எழுந்து ஜன்னலைச் சாத்தினேன். திரும்ப வந்து உட்கார்ந்து, பென்சிலை எடுத்து, கடைசி வரியை அடித்தேன்.